யாரை ஏமாற்றினேன்? – தனியாட்டமும் சீட் கோடும் குறித்துச் சில குறிப்புகள்

1

“மாமா, இது போங்கு.”

அக்கா மகன் சொன்ன இந்த மூன்று சொற்களிலிருந்துதான் இந்தக் குறிப்புகள் தொடங்குகின்றன. பள்ளியில் படித்த காலத்தில் அவன் ரிச்சி தெருவில் பழையதாக வாங்கிய பிஎஸ்பி ஒன்று வீட்டில் கிடந்தது. சோனி நிறுவனம் 2004 டிசம்பரில் ஜப்பானில் வெளியிட்டு, பத்தாண்டுகள் விற்று, பிறகு நிறுத்திக்கொண்ட கையடக்க விளையாட்டுக் கருவி அது. இவன் வாங்கியது ‘ஹேக்’ செய்த கருவி. அதாவது, நிறுவனம் போட்ட உள்மென்பொருளுக்குப் பதிலாக, எங்கோ இருக்கிற ஆர்வலர்கள் எழுதிய மாற்று மென்பொருளை ஏற்றியது. வேலைக்குப் போனபின் அவன் அதை மறந்துவிட்டான். நான் தூசி தட்டி எடுத்து ஆட ஆரம்பித்தேன்.

இருபது வருஷத்துக்கு மேல் டிடிபி வேலை பார்த்தவன் நான். வலது கட்டைவிரல் பழுதாகிவிட்டது. நாலு தடவை வேகமாக அமுக்கினால் மணிக்கட்டு வரைக்கும் சுளீரென்று இழுக்கும். இந்த மாதிரி ஆட்டங்களோ கட்டைவிரலை நம்பியே எழுதப்பட்டவை. ஒரே இடத்தில் திரும்பத் திரும்பச் செத்தேன். ஒருநாள் இரவு, சாவது அலுத்துப்போய், உயிர் குறையாமல் பார்த்துக்கொள்கிற சீட் கோடு ஒன்றை இயக்கினேன். ஊருக்கு வந்திருந்தவன் அதைப் பார்த்துவிட்டுத்தான் அப்படிச் சொன்னான்.

“யாரைடா ஏமாத்துறேன்? எதிர்ல ஆளே இல்லையே.”

“அதெல்லாம் தெரியாது மாமா. போங்குன்னா போங்குதான்.”

அவன் சொன்னது ஓர் ஒழுக்கத் தீர்ப்பு. குற்றம் இருக்கிறது, குற்றவாளி இருக்கிறான், பாதிக்கப்பட்டவர் மட்டும் இல்லை. இப்படியொரு குற்றம் சாத்தியமா? சாத்தியமென்றால், பாதிக்கப்பட்டவர் இருக்க வேண்டிய இடத்தில் கண்ணுக்குத் தெரியாமல் வேறு யாரோ உட்கார்ந்திருக்க வேண்டும். விதி தன்னுடைய சொத்து என்று நினைக்கிற ஒருவர். அவர் யார், அந்த இடம் அவருக்கு எப்படிக் கிடைத்தது என்று கேட்பதுதான் என் நோக்கம். விளையாட்டைப் பற்றி எழுத இலக்கியப் பத்திரிகை எதற்கு என்று முகம் சுளிக்கிற நண்பர்கள் உண்டு. அவர்களுக்கு ஒன்று சொல்லிவிடுகிறேன். வாசகன், ஆசிரியன், பிரதி என்று நாம் முப்பது வருஷமாகப் பேசிவந்த விஷயம் நீதிமன்றத்தில் ஏறிச் சாட்சி சொன்ன இடம் இது.

2

நம் பிள்ளைகளிடம் ஆட்டத்து அறத்துக்கென்று தனிச் சொற்கள் உண்டு. சென்னைப் பக்கம் போங்கு. மற்ற ஊர்களில் அழுகுணி ஆட்டம், கள்ளாட்டம். ஈழத்தில் அளாப்புகிறான் என்பார்கள். இவை எல்லாவற்றிலும் எதிரே ஓர் ஆள் இருக்கிறார். கில்லியில் அளவைக் கூட்டிச் சொன்னால், எதிர்க்கட்சிக்காரன் கூடுதலாக ஒரு தடவை ஓட வேண்டும். சகுனி உருட்டிய காய்க்கு எதிரே தருமன் உட்கார்ந்திருந்தான்; தருமன் தோற்றதற்கு விலை கொடுத்தவள் பாஞ்சாலி. போங்கு என்பது இன்னொருவருடைய உழைப்பையோ உடைமையையோ உடலையோ திருடுவது. தனியாட்டத்தில் இவற்றில் எது திருட்டுப்போகிறது?

டச்சு வரலாற்றாசிரியர் ஹூய்சிங்கா 1938இல் வெளிவந்த தன் நூலில், ஏமாற்றுகிறவனையும் ஆட்டத்தைக் கலைக்கிறவனையும் பிரித்துப் பார்க்கிறார். ஏமாற்றுகிறவன் விதியை மதிப்பதாகப் பாவனையாவது செய்கிறான். ஆட்டத்தின் வட்டத்துக்குள்ளேயே நிற்கிறான். கலைக்கிறவனோ ‘இது வெறும் ஆட்டம்தானே’ என்று வட்டத்தையே அழித்துவிடுகிறான். அதனால் சமூகம் ஏமாற்றுக்காரனைச் சகித்துக்கொள்கிறது, கலைப்பவனை மன்னிப்பதில்லை. அவர் சொல்வது கூடி ஆடுகிறவர்களைப் பற்றி. தனியாட்டக்காரன் இந்த இரண்டிலும் அடங்குவதில்லை. அவன் பாவனை செய்வதற்குப் பார்வையாளர் கிடையாது. வட்டத்தைக் கலைத்தாலும் மனம் வருந்த இன்னொரு பிள்ளை அங்கே இல்லை.

நம்மிடம் இன்னொரு வழக்கும் உண்டு. ‘ஒப்புக்குச் சப்பாணி.’ சில ஊர்களில் உப்புக்குச் சப்பாணி என்பார்கள். ஓட முடியாத சின்னப் பிள்ளையை ஆட்டத்தில் சேர்த்துக்கொள்வார்கள். அது அவுட் ஆனாலும் கணக்கில்லை. எத்தனை முறை பிடிபட்டாலும் சாகாது. அதாவது எல்லையில்லாத உயிர். இதைச் சீட் கோடு என்று யாரும் சொன்னதில்லை. அந்தப் பிள்ளையின் இருப்புக்காக விதியே கொஞ்சம் வளைந்து கொடுக்கிறது. ஆனால் அந்தப் பெயரைப் பாருங்கள். கால் வராதவரைக் குறிக்கும் வசைச் சொல். சேர்த்துக்கொள்கிற அதே வாயால் இழிவும் செய்கிறது. சேர்ப்பது எங்கள் கருணை, நீ கணக்கில் இல்லை என்பது அதன் உள்ளர்த்தம். விதியைத் தளர்த்தும் உரிமை யாரிடம் இருக்கிறதோ அவரிடமே பெயர் வைக்கும் உரிமையும் இருக்கிறது. இந்த இடத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், திரும்ப வருவோம்.

3

சீட் கோடுகளை யார் கண்டுபிடித்தார்கள்? சோம்பேறி ஆட்டக்காரர்கள் அல்ல, வேலைக்காரர்கள்.

1986இல் கொனாமி நிறுவனம் ‘கிராடியஸ்’ என்ற விண்கல ஆட்டத்தைக் கடைகளில் காசு போட்டு ஆடும் எந்திரத்திலிருந்து நின்டெண்டோவின் வீட்டுக் கருவிக்குக் கொண்டுவந்தது. அந்த வேலையைச் செய்தவர் கசுஹிசா ஹஷிமோட்டோ. செய்த ஆட்டத்தைச் சோதித்துப் பார்க்க வேண்டும். சோதிப்பதென்றால் கடைசி வரை ஆட வேண்டும். ஆட்டமோ அவருக்கே கஷ்டமாக இருந்தது. எனவே மேல் மேல், கீழ் கீழ், இடம் வலம், இடம் வலம், பி, ஏ என்று அமுக்கினால் எல்லா ஆயுதங்களும் கைக்கு வந்துவிடும்படி ஒரு வழி வைத்துக்கொண்டார். வெளியிடும்போது அது உள்ளேயே தங்கிவிட்டது. பிறகு ஆட்டக்காரர்கள் கண்டுபிடித்தார்கள். ‘கொனாமி கோடு’ என்று பெயராயிற்று. 1988இல் அமெரிக்காவில் வந்த ‘கான்ட்ரா’வில் இதே வரிசை முப்பது உயிர்களைக் கொடுத்தது. ஹஷிமோட்டோ 2020இல் இறந்தபோது உலகம் முழுக்க அவரை நினைவுகூர்ந்தது அவர் செய்த ஆட்டங்களுக்காக அல்ல, இந்தப் பத்து அமுக்கல்களுக்காக.

ஆக, தொழிலாளி தன் வேலையை முடிக்கச் செய்துகொண்ட சாவி இது. தொழிற்சாலைக்குள் இருக்கும்வரை அதன் பெயர் ‘சோதனை வசதி’. கதவைத் தாண்டி வாடிக்கையாளன் கைக்கு வந்ததும் ‘ஏமாற்று’.

என் கையிலிருக்கும் பிஎஸ்பியின் கதையும் இதுவேதான். பழுதான கருவிகளைச் சரிசெய்யச் சோனியின் பழுதுபார்க்கும் நிலையங்களில் ஒரு தனி பேட்டரி வைத்திருந்தார்கள். அதைப் போட்டால் கருவி வழக்கமாக எழாமல் பழுதுபார்க்கும் நிலையில் எழும். மெமரி ஸ்டிக்கிலிருந்து எதையும் ஏற்றலாம். 2007இல் ஆர்வலர்கள் இதைப் புரிந்துகொண்டார்கள். சாதாரண பேட்டரிக்குள் பதிந்திருக்கும் வரிசை எண்ணை மாற்றினால் அதுவும் அந்தத் தனி பேட்டரி ஆகிவிடும். இதற்குப் பண்டோரா பேட்டரி என்று பெயர் வைத்தார்கள். தொடக்ககால மாடல்கள் பலவும் இப்படித்தான் திறந்துகொண்டன. மெக்கானிக்கின் சாவியைப் பார்த்துச் செய்த நகல்சாவி.

பூட்டை உடைத்த கதையாக இதைச் சொல்வது வழக்கம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. உழைப்பவருக்கு எந்திரம் எப்போதும் திறந்திருக்கிறது. வாங்குகிறவருக்கு மட்டும்தான் அது மூடியிருக்கிறது. ‘ஹேக்’ என்பது நுகர்வோன் தன் இடத்தைவிட்டு எழுந்து பட்டறைப் பக்கம் போய் நிற்பது. குற்றம் என்று அஞ்சப்படுவது இந்த இடமாற்றம்தான்.

4

இனி நீதிமன்றம்.

1990இல் ‘கேம் ஜீனி’ என்ற சிறு சாதனம் வந்தது. கோட்மாஸ்டர்ஸ் என்ற பிரிட்டிஷ் நிறுவனம் செய்தது; அமெரிக்காவில் விற்க முன்வந்தது கலூப் என்ற பொம்மை நிறுவனம். ஆட்டம் அடங்கிய கேட்ரிட்ஜுக்கும் கருவிக்கும் நடுவே அதைச் சொருக வேண்டும். கேட்ரிட்ஜிலிருந்து வரும் ஓர் எண்ணை வழியில் பிடித்து வேறு எண்ணாக மாற்றித் தரும். மூன்று உயிர் ஒன்பது ஆகும். கேட்ரிட்ஜில் எதுவும் மாறாது. பிடுங்கிவிட்டால் பழைய ஆட்டம். நின்டெண்டோ வழக்குத் தொடுத்தது. எங்கள் படைப்பிலிருந்து இன்னொரு படைப்பை அனுமதியின்றி உருவாக்குகிறார்கள் என்பது வாதம். 1991இல் கலிபோர்னியா நீதிமன்றமும், 1992இல் மேல்முறையீட்டு நீதிமன்றமும் அதை மறுத்தன. விலை கொடுத்து வாங்கியவர் தன் சொந்த இன்பத்துக்காக அதை மாற்றி ஆடிப்பார்க்கலாம் என்பது தீர்ப்பின் சாரம். இடைக்காலத் தடையால் கலூப் இழந்த வியாபாரத்துக்காக, நின்டெண்டோ கட்டியிருந்த ஒன்றரைக் கோடி டாலர் பிணைத்தொகையும் போயிற்று.

முப்பது வருஷம் கழித்து இதே வழக்கு வேறு உடையில் ஐரோப்பாவில் வந்தது. இந்த முறை கருவி, என் மடியில் கிடக்கிற பிஎஸ்பி. டேட்டல் என்ற பிரிட்டிஷ் நிறுவனம் பிஎஸ்பிக்கென்று ‘ஆக்‌ஷன் ரீப்ளே’ மென்பொருளை விற்றது. ‘மோட்டார்ஸ்டார்ம்: ஆர்க்டிக் எட்ஜ்’ என்ற பந்தய ஆட்டத்தில் வண்டியைச் சீறவைக்கும் ‘டர்போ’வை வரம்பில்லாமல் பயன்படுத்தலாம், முதலிலேயே கிடைக்காத ஓட்டுநர்களையும் எடுத்துக்கொள்ளலாம். சோனி ஹாம்பர்கில் வழக்குப் போட்டது. 2012இல் கீழ்நீதிமன்றம் பெரும்பாலும் சோனி பக்கம் நின்றது. 2021இல் மேல்நீதிமன்றம் அதைத் தள்ளுபடி செய்தது. ஜெர்மனியின் உச்சபட்ச நீதிமன்றம் 2023இல் ஐரோப்பிய நீதிமன்றத்திடம் விளக்கம் கேட்டது. 2024 அக்டோபர் 17 அன்று விடை வந்தது. சட்டம் காப்பது நிரலின் எழுத்தை. அந்த நிரல் ஓடும்போது ரேமில் எழுதி அழித்துக்கொண்டிருக்கும் மாறிகளின் மதிப்பை அது காப்பதில்லை. 2025 ஜூலையில் ஜெர்மன் நீதிமன்றம் சோனியின் முறையீட்டை முடித்துவைத்தது.

இந்த வழக்கில் அட்வகேட் ஜெனரல் ஷ்புனார் 2024 ஏப்ரலில் கொடுத்த கருத்துரையில் ஓர் உவமை வருகிறது. துப்பறியும் நாவல் எழுதியவர், கொலையாளி யார் என்று பார்க்கக் கடைசிப் பக்கத்துக்குத் தாவுகிற வாசகனைத் தடுக்க முடியாது. வாசகனுடைய இன்பம் கெட்டாலும் சரி, ஆசிரியரின் உழைப்பு வீணானாலும் சரி. இதைப் படித்தபோது எனக்குச் சிரிப்பு வந்தது. ரொலாண் பார்த் 1973இல் ‘பிரதியின் இன்பம்’ நூலில் இதைத்தானே பேசினார்? பெருநாவல்களை எவரும் சொல்சொல்லாக வாசிப்பதில்லை. தாவுகிறோம், விட்டுவிட்டுப் படிக்கிறோம். அந்தத் தாவலின் தாளத்தில்தான் இன்பம் உண்டாகிறது என்றார். நாம் அதை ஜெராக்ஸ் பிரதிகளில் படித்துவிட்டு டீக்கடைகளில் வாதிட்டோம். இப்போது அது சட்டம். ஓடிக்கொண்டிருக்கும் பிரதி, வாசகன் கையில் ஒவ்வொரு கணமும் மாறிக்கொண்டிருக்கும் எண்கள், ஆசிரியனுடையவை அல்ல.

கொண்டாடிவிட்டு இங்கேயே நிறுத்தியிருக்கலாம். தொண்ணூறுகளில் எழுதியிருந்தால் நிறுத்தியிருப்பேன்.

5

சீட் கோடு போட்டபின் என்ன நடந்தது என்பதையும் ஒளிக்காமல் சொல்ல வேண்டும். முதல் பத்து நிமிஷம் சந்தோஷம். எதிரிகள் குத்துகிறார்கள், எண் அசையவில்லை. அரை மணி நேரத்தில் அலுத்துவிட்டது. குத்து விழுந்தால் குறையும் என்பதால்தான் விலகுகிறோம். விலகுவதால்தான் எதிரியின் தோள் அசைவைக் கவனிக்கிறோம். குறையாது என்றானதும் பார்ப்பதே நின்றுவிட்டது. பெர்னார்ட் சூட்ஸ் என்ற தத்துவவாதி 1978இல் விளையாட்டுக்கு வரையறை சொன்னார்: தேவையில்லாத தடைகளை விருப்பத்தோடு தாண்ட முயல்வது. தடையை எடுத்துவிட்டால் விடுதலை கிடைக்குமென்று நினைத்தேன். மிஞ்சியது நடைபாதை.

இன்னும் ஒன்று. ‘காட் ஆஃப் வார்: செயின்ஸ் ஆஃப் ஒலிம்பஸ்’ (2008). கொலைவெறி பிடித்த கிராட்டோஸ், இறந்துபோன தன் மகளை மறுவுலகத்தில் சந்திக்கிறான். அவளோடு இருப்பதற்காகத் தன் ஆற்றல்களையெல்லாம் துறக்கிறான். பிறகு உலகம் அழியப்போவது தெரிகிறது. அதைத் தடுக்க வேண்டுமென்றால் கட்டிப்பிடித்துக்கொண்டிருக்கும் மகளைத் தள்ளிவிட்டுப் போக வேண்டும். அந்தத் தள்ளலை ஆட்டம் நம் விரலிடம் கொடுக்கிறது. வட்டப் பொத்தானை விடாமல் அமுக்க வேண்டும். என் உயிர் எண் குறையாததால் இங்கே ஒரு பயனும் இல்லை. விரல் இழுத்தது. நிறுத்தினேன். மகள் மறுபடி ஒட்டிக்கொண்டாள். “நீ அமுக்குடா” என்று கருவியை மருமகனிடம் கொடுத்தேன். அவன் அமுக்கினான். முடிந்ததும் ஒன்றும் பேசாமல் திருப்பிக் கொடுத்தான். இதை அவன் போங்கு என்று சொல்லவில்லை. இன்னொருவர் விரலைக் கடன் வாங்குவது உதவி, எண்ணை மாற்றுவது ஏமாற்று. இந்த வித்தியாசத்தை அவனாலும் விளக்க முடியவில்லை, என்னாலும் முடியவில்லை. ஆனால் ஒன்று புரிந்தது. சில இடங்களில் சிரமமே பொருள். அதை அகற்றினால் பிரதியில் ஒரு சொல்லை அடித்துவிட்ட மாதிரி.

‘க்ரைசிஸ் கோர்’ என்ற ஆட்டம் (2007) எனக்கு வேறொன்று கற்றுத்தந்தது. 1997இல் வந்த ‘ஃபைனல் ஃபேண்டசி’ ஏழாம் பாகத்தின் முன்கதை அது. நாயகன் ஸாக் சாகப்போகிறான் என்பது முந்தைய ஆட்டத்தை ஆடிய எல்லாருக்கும் தெரியும். கர்ண மோட்சம் பார்க்க விடிய விடிய உட்கார்ந்திருக்கிற சனத்தில் கர்ணன் பிழைத்துக்கொள்வான் என்று நினைத்து எவரும் வருவதில்லையே, அது மாதிரி. கடைசியில் ஒரு படையே அவனை எதிர்த்து நிற்கிறது. அலையலையாக வருகிறார்கள். என் உயிர் எண் அசையவில்லை. நான் வெட்டிக்கொண்டே இருந்தேன். பிறகு மழை. அவன் தள்ளாடுகிறான். திரையின் மூலையில் ஆட்டம் முழுக்கச் சுழன்று, தோழர்களின் முகங்களைக் காட்டி அவனுக்குப் பலம் தந்த சக்கரம் இடறுகிறது. முகங்கள் ஒவ்வொன்றாக மங்கி மறைகின்றன. கடைசியில் காதலியின் முகம். துப்பாக்கிகள் சுடுகின்றன.

சாகாவரம் வாங்கியவன் செத்துப்போனான். நான் மாற்றியது ஓர் எண்ணை. அவன் சாவு எண்ணில் எழுதப்படவில்லை, கதையில் எழுதப்பட்டிருந்தது. வாசகனே பிரதியை எழுதுகிறான் என்று முழங்கிய நம் தலைமுறை இங்கே கொஞ்சம் வெட்கப்படலாம். உயிரையும் பணத்தையும் ஆயுதத்தையும் கூட்டலாம், குறைக்கலாம். கதையாடலின் அதிகாரம் அந்தக் கணக்கேட்டில் இல்லை. எண்ணிக்கை மாறினால் எல்லாம் மாறிவிடும் என்று நம்பிய அரசியல் அனுபவமும் நமக்கு இருக்கிறது, அதை விரிக்க விரும்பவில்லை.

அப்படியானால் வாசகனின் சுதந்திரம் எங்கேதான் இருக்கிறது? நான் கண்ட இடத்தைச் சொல்கிறேன். ஹேக் செய்த பிஎஸ்பியில் சீட் கோடுகளை இயக்குகிற ‘சிடபிள்யூசீட்’ என்ற துணைநிரலில் இரண்டு வேலைகள் உண்டு. ஒன்று, யாரோ எழுதித் தந்த பட்டியலிலிருந்து தேர்ந்தெடுத்து இயக்குவது. இன்னொன்று, தேடுவது. என் கையில் ஆட்டப் பணம் 1,240 இருக்கிறது என்று வையுங்கள். ஆட்டத்தை நிறுத்திவிட்டு, நினைவகத்தில் 1,240 எங்கெல்லாம் இருக்கிறது என்று தேடச் சொல்கிறேன். பல இடங்கள் வரும். திரும்பப் போய் ஏதாவது வாங்குகிறேன், பணம் குறைகிறது. முன்பு கிடைத்த இடங்களில் இப்போது குறைந்த தொகை எங்கே இருக்கிறது என்று கேட்கிறேன். இடங்கள் சுருங்குகின்றன. மறுபடி வாங்குகிறேன், மறுபடி தேடுகிறேன். கடைசியில் ஒரே ஒரு முகவரி மிஞ்சும். அந்த இடத்தில்தான் இந்த உலகத்தின் செல்வம் எழுதப்பட்டிருக்கிறது.

அந்த முகவரி திரையில் வந்தபோது எனக்கு உண்டான கிளர்ச்சி, பின்னால் அதில் 9,99,999 என்று எழுதியபோது உண்டாகவில்லை. முன்னது வாசிப்பு. ஒரு பிரதியைத் திரும்பத் திரும்பச் சீண்டி, அது எப்படிப் பதில் சொல்கிறது என்று பார்த்து, அதன் உள்கட்டுமானத்தை ஊகிப்பது. பின்னது வெறும் நுகர்வு. பட்டியலிலிருந்து கோடு எடுத்துப் போட்டது மேற்கோள் நோட்ஸ் வைத்துப் பரீட்சை எழுதிய மாதிரி. அதைத்தான் மருமகன் போங்கு என்றானோ என்று இப்போது தோன்றுகிறது. நான் யாரையும் ஏமாற்றவில்லை. ஆனால் வாசிக்கவுமில்லை.

6

பெயர் வைக்கும் அதிகாரத்துக்குத் திரும்பலாம்.

2018இல் யூபிசாஃப்ட் நிறுவனத்தின் ‘அசாசின்ஸ் க்ரீட் ஒடிசி’ வந்தது. தனியாட்டம். அதில் நாயகன் அனுபவப் புள்ளி சேர்க்கும் வேகத்தை நிரந்தரமாகக் கூட்டித்தரும் வசதி சுமார் 10 டாலருக்கு விற்கப்பட்டது. கடையில் இந்த வகைச் சரக்குக்கு வைத்த பெயர் ‘நேரச் சேமிப்பு’. நினைவகத்தில் ஓர் எண்ணை மாற்றுவது என்ற அளவில் இதற்கும் சீட் கோடுக்கும் என்ன வேறுபாடு? ரசீது ஒன்றுதான். முந்தைய வருஷம் வந்த ‘ஷேடோ ஆஃப் வார்’ என்ற தனியாட்டத்திலும் காசுக்குப் பலம் வாங்கும் சந்தை இருந்தது. எதிர்ப்புக் கிளம்பி 2018 ஜூலையில் அதை எடுத்தார்கள். நேரத்தை விற்க வேண்டுமென்றால் முதலில் ஆட்டக்காரனிடமிருந்து நேரத்தைப் பறிக்க வேண்டும். சிரமம் அங்கே பொருளாக இருப்பதில்லை, சுங்கச்சாவடியாக இருக்கிறது. சிரமத்தின் இந்த இரண்டு வகைகளைப் பிரித்துப் பார்க்கத் தெரிவதுதான் இன்றைக்குத் தேவைப்படுகிற விமர்சனம்.

அதே 2018இல் ‘செலஸ்ட்’ என்ற சிறு ஆட்டம் வந்தது. மலையேறும் பெண்ணின் கதை. மிகக் கடினமான ஆட்டம். அதில் வேகத்தைக் குறைக்கவும், சாகாமல் இருக்கவும் ஆட்டக்காரருக்கே வசதி தந்தார்கள். ஆக்கத்தின்போது அதற்கு ‘ஏமாற்று முறை’ என்றே பெயர் இருந்தது. குற்றம் சாட்டுகிற பெயராயிருக்கிறதென்று ‘உதவி முறை’ என்று மாற்றினார்கள். 2020இல் ‘தி லாஸ்ட் ஆஃப் அஸ்’ இரண்டாம் பாகத்தில் அறுபதுக்கு மேற்பட்ட அணுகல் வசதிகள் தரப்பட்டன, பார்வையற்றவர்களும் ஆடினார்கள். நல்ல காரியம், மறுக்கவில்லை. என் கட்டைவிரல் அதற்கு நன்றி சொல்லும். ஆனால் தருகிறவர் தரும்வரைதானே அது? தரப்படாத ஆயிரக்கணக்கான பழைய ஆட்டங்களில், கை வராதவர்களும் கண் தெரியாதவர்களும் தாங்களே கதவைத் திறந்துகொள்ள வேண்டியிருக்கிறது. அவர்கள் திறந்துகொண்டால் பெயர் ‘ஏமாற்று’. நிறுவனம் திறந்துவிட்டால் ‘அணுகல்’. விற்றால் ‘நேரச் சேமிப்பு’. தொழிலாளி வைத்துக்கொண்டால் ‘சோதனை வசதி’. ஒரே எண், ஒரே மாற்றம், நாலு பெயர். ஒப்புக்குச் சப்பாணியாக எங்களைச் சேர்த்துக்கொள்ளச் சொல்லி நாங்கள் கேட்கவில்லை. விதியைத் திறந்து பார்க்கும் உரிமை வேண்டும் என்கிறோம்.

அந்த உரிமை இப்போது ஒரு விசித்திரமான நிலையில் தொங்குகிறது. நினைவகத்தின் எண்ணை மாற்றுவது ஐரோப்பாவில் குற்றமல்ல. அந்த நினைவகம் வரை போவதற்கான பூட்டைத் திறப்பது வேறு சட்டத்தில் வருகிறது. அமெரிக்காவில் 1998ஆம் ஆண்டுச் சட்டம் பூட்டைச் சுற்றிப்போவதையே தடுக்கிறது. இந்தியாவில் 2012இல் பதிப்புரிமைச் சட்டத்தில் சேர்த்த 65ஏ பிரிவு அவ்வளவு தூரம் போகவில்லை. உரிமையை மீறும் நோக்கத்தோடு பூட்டைத் திறந்தால் இரண்டாண்டு வரை சிறை என்கிறது. நோக்கம் என்ற சொல்லில்தான் எல்லாம் இருக்கிறது. ஹேக் செய்த கருவிகள் பெரும்பாலும் காசு கொடுக்காத பிரதிகளை ஆடத்தான் பயன்பட்டன என்பதை நான் மறைக்கவில்லை. என் மருமகன் வாங்கிய கருவியின் மெமரி ஸ்டிக் நிறைய அப்படிப்பட்ட ஆட்டங்கள்தான். உழைத்தவர்களுக்கு அதில் சேர வேண்டியது சேரவில்லை. ஆனால் அந்தக் குற்றத்தைக் காட்டி, வாங்கிய பொருளைத் திறந்து பார்க்கும் உரிமையையும் சேர்த்துப் புதைக்கக் கூடாது. இரண்டும் வேறு.

2021 ஜூலையில் பிஎஸ்பி ஆட்டங்களுக்குள்ளிருந்தே பொருள்கள் வாங்கும் வசதியையும் சோனி நிறுத்திவிட்டது. செய்தவர் போய்விட்டார், பழுதுபார்ப்பவர் போய்விட்டார், விற்றவர் போய்விட்டார். பூட்டு மட்டும் அப்படியே இருக்கிறது. பூட்டியவர் போனபின் சாவியை ஊர்ப் பொதுவில் வைத்துவிட்டுப் போக வேண்டும் என்று கேட்பது நியாயமான கோரிக்கை. மென்பொருளோடு வாழ்கிற நம் எல்லாருக்கும் உரிய கோரிக்கையும்கூட. நாளைக்கு இதே பூட்டு டிராக்டரிலும் காது கேட்கும் கருவியிலும் இருக்கும்போது, ‘அது வெறும் விளையாட்டு’ என்று ஒதுங்க முடியாது.

போனவாரம் மருமகன் வந்திருந்தான். தேடுவது எப்படி என்று அவனுக்குக் காட்டினேன். மூன்றாவது தேடலில் ஒரே முகவரி மிஞ்சியது. அதில் என்ன எழுதலாம் என்று கேட்டேன்.

“ஒண்ணும் எழுத வேணாம் மாமா. இப்படியே இருக்கட்டும்” என்றான்.